பயனைச் சொல்லாமல் ஒரு பழம்

ஆடிக் காற்று எழும் நாட்களில் மதுரைத் தெருமுனைகளில் நாவற்பழக் கூடைகள் வந்து அமரும். ஈரத்துணி போர்த்திய கூடை, பக்கத்தில் ஒரு சிறு படி, ஒரு பொட்டலம் உப்பு. படியால் அளந்து தாளில் கொட்டி, நாம் கேட்காமலேயே உப்பைத் தூவிக் குலுக்கிக் கொடுப்பார்கள். சில ஆண்டுகளாக நாங்கள் அந்தக் கூடைகளுக்காகக் காத்திருப்பவர்களாக ஆகிவிட்டோம். அதற்கு முன் அப்படியில்லை. எங்கள் வீட்டில் நாவற்பழம் மருந்தாக மாறி வெகுகாலம் ஆகியிருந்தது. அதை மீண்டும் பழமாக்கிய ஓர் எளிய உறைபனி இனிப்பைப் பற்றித்தான் இங்கே சொல்ல விரும்புகிறோம். பழம் உறைந்து தயாராக இருந்தால் செய்வதற்குப் பத்து நிமிடம் போதும். நாங்கள் அதற்கு வந்து சேரத்தான் ஒன்றரை ஆண்டு ஆயிற்று.

நாங்கள் என்பது கணவனும் மனைவியும். வீட்டில் ஒரு மகள். அப்புறம் அப்பா. எங்களில் ஒருவருக்கு அப்பா, மற்றவருக்கு மாமா. மேலூர்ப் பக்கத்துக் கிராமத்தில் பிறந்து, மதுரையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். முப்பது ஆண்டுகளாகச் சர்க்கரை நோயாளி. இனிப்புப் பிரியர், அதிலும் குளிர்ந்த இனிப்பு. மதுரைக்காரர்களுக்கு அதன் பெயர் ஜிகர்தண்டா: பால், கடல்பாசி, நன்னாரி சர்பத், மேலே ஒரு கரண்டி ஐஸ்கிரீம். கோயிலுக்குப் போவதாகச் சொல்லிக் கிளம்புகிற மாலைகளில் பாதி, விளக்குத்தூண் பக்கம்தான் போய் முடிந்தன என்பது எங்களுக்குப் பின்னால் தெரியவந்தது. 2019ஆம் ஆண்டில் செருப்பு வார் உரசி இடதுகால் சுண்டுவிரலில் ஒரு புண் உண்டாயிற்று. மரத்துப்போன கால் அதை அவருக்கு அறிவிக்கவில்லை. எங்கள் கண்ணில் பட்டபோது நாள் கடந்திருந்தது. விரலை எடுக்க வேண்டியதாயிற்று.

அதன்பின் நாங்கள் காவலர்களானோம். சர்க்கரை டப்பா மேல்தட்டுக்கு ஏறியது. துவைக்கப் போடும் சட்டைகளின் பைகளைத் துழாவினோம். ஒருமுறை பால்கோவா சுற்றிய தாள் கிடைத்தது, அதைக் கூடத்து மேசைமேல் விரித்து வைத்தோம், சாட்சியம்போல. அதைவிட வெட்கப்பட வேண்டிய செயல் ஒன்றும் செய்தோம். அப்போது எட்டு வயதான மகளிடம், தாத்தா வெளியே எதுவும் வாங்கிச் சாப்பிடுகிறாரா என்று பார்த்துச் சொல்லும்படி கூறினோம். அவளும் நேர்மையாகச் சொன்னாள். சில வாரங்களில் தாத்தா அவளைக் கடைத்தெருவுக்கு அழைத்துப் போவதை நிறுத்திவிட்டார். எங்களோடு அமர்ந்து உண்பதையும் நிறுத்தினார். எல்லாரும் உண்டு முடித்தபின் தனியே போட்டுக்கொண்டு உண்பார்.

இந்தக் காலகட்டத்தில்தான் நாவல் எங்கள் வீட்டுக்குள் மருந்தாக வந்தது. பார்க்க வந்த உறவினர்கள் அனைவரும் நாவற்கொட்டைப் பொடி பற்றிப் பேசினார்கள். சிலர் பொட்டலமாகவே கொண்டுவந்தார்கள். காலையில் வெறும் வயிற்றில் ஒரு தேக்கரண்டி பொடியை வெந்நீரில் கலந்து கொடுத்தோம். சாயமேறிய மண்போல இருக்கும் அதை அவர் கண்ணை மூடிக்கொண்டு விழுங்குவார். பருவத்தில் பழங்களை எண்ணி எடுத்துத் தட்டில் வைத்து, சர்க்கரைக்கு நல்லது என்று சொல்லிக் கொடுத்தோம். தட்டு அப்படியே இருக்கும், எறும்பு மொய்க்கும். ஒருநாள் அவர் எரிச்சல் இல்லாத குரலில் கேட்டார். "நல்லதுன்னு சொல்லாம ஒரு பொருள நீங்க குடுக்கவே மாட்டீங்களாப்பா?"

எங்களிடம் பதில் இல்லை. அந்தக் கேள்வியின் கனம்கூட அன்று எங்களுக்குப் புரியவில்லை. பத்தியத்தை வெறுக்கும் நோயாளியின் பேச்சு என்றுதான் எடுத்துக்கொண்டோம்.

மருந்து என்ற கணக்கிலேயே பார்த்தாலும் எங்கள் நம்பிக்கை அளவுக்கு மீறியது. நாவற்கொட்டையைச் சர்க்கரை நோய்க்குக் கொடுப்பது சித்த மருத்துவத்திலும் ஆயுர்வேதத்திலும் நெடுங்கால வழக்கம். விலங்குகளில் செய்த ஆய்வுகள் நிறைய உண்டு. ஆனால் மாத்திரைக்கும் இன்சுலினுக்கும் மாற்றாக அது மனிதர்களில் நிறுவப்படவில்லை. பழமோ கொட்டையிலிருந்து வேறுபட்டது. 100 கிராம் நாவற்பழச் சதையில் சுமார் 14 கிராம் மாவுப்பொருள் இருக்கிறது. பெரும்பகுதி பழச்சர்க்கரைதான். துவர்ப்பதால் இனிப்பு மறைந்திருக்கிறது, இல்லாமல் போய்விடவில்லை. நாக்கைப் பிடித்து இழுக்கும் அந்தத் துவர்ப்பு டானின்களால் வருவது. அவை உமிழ்நீரில் உள்ள புரதங்களோடு பிணைந்துகொள்வதால் வாயின் வழவழப்பு போய் உலர்ந்ததுபோல் ஆகிறது. நாக்கை நீலமாக்குவது ஆந்தோசயனின் என்னும் நிறமி. மேலைநாட்டார் புளூபெர்ரியில் கண்டு கொண்டாடுகிற அதே குடும்பத்துச் சாயம்.

புளூபெர்ரி என்றதும் அந்தக் கதைக்கு வந்துவிடுகிறோம். 2020 ஜூன் இறுதியில் மதுரையில் மீண்டும் முழு ஊரடங்கு வந்தது. ஐஸ்கிரீம் கேட்டு அழுத மகள், கைப்பேசியில் ஒரு காணொளியைக் கண்டுபிடித்துக் கொண்டுவந்தாள். உறைந்த பெர்ரிகள், உறைந்த வாழைப்பழம், கொஞ்சம் தயிர். மூன்றையும் அரைத்தால் ஐஸ்கிரீம். சர்க்கரை சேர்க்க வேண்டாம், கிளற வேண்டாம், அடுப்பு வேண்டாம். வெளிநாட்டுச் சமையலறையின் பளபளப்பில் எல்லாமே எளிதாகத் தெரிந்தது. ஆனால் பெர்ரிக்கு எங்கே போவது?

பெர்ரி என்ற வகைப்பெயருக்கு நாம் தனியாக ஒரு சொல் ஆக்கிக்கொள்ளவில்லை. நமக்குத் தேவைப்படவில்லை என்றே தோன்றுகிறது. தாவரவியலில் அச்சொல்லின் பொருள் கடைத்தெருப் பொருளிலிருந்து விலகியது. ஒரே சூலகத்திலிருந்து உருவாகி, சதை முழுவதும் மென்மையாக இருக்கும் கனியே அங்கு பெர்ரி. அந்தக் கணக்கில் ஸ்ட்ராபெர்ரி பெர்ரி ஆகாது, ராஸ்பெர்ரியும் ஆகாது. திராட்சை ஆகும், வாழை ஆகும், தக்காளி ஆகும், நம் கத்தரிக்காயும் ஆகும். நாவலும் அந்த வரிசையில் சேர்க்கப்படுவதே. இதைப் படித்துக்கொண்டிருந்த வேளையில் காய்கறி வண்டிக்காரர் வாசலில் குரல் கொடுத்தார். வண்டியின் ஓரத்தில் ஒரு முறத்தில் நாவற்பழம் இருந்தது. ஒரு தீவுக்கே பெயர் கொடுத்த மரம். மணிமேகலையில் காவிரிப்பூம்பட்டினத்தின் காவல் தெய்வமான சம்பாபதி வீற்றிருந்ததும் நாவல் நிழலில்தான். நாவலந்தீவில் இருந்துகொண்டு பெர்ரி இல்லையே என்று கவலைப்பட்டிருக்கிறோம்.

முதல் முயற்சி படுதோல்வி. கொட்டை நீக்கிய சதையைத் தயிரோடு அரைத்து, ஒரு டப்பாவில் ஊற்றி, இரவு முழுக்க ஃப்ரீசரில் வைத்தோம். காலையில் கத்தி இறங்கவில்லை. ஊதா நிறத்தில் ஒரு செங்கல். காரணம் பிறகு புரிந்தது. அசையாமல் மெதுவாக உறையும் நீரில் பனிப்படிகங்கள் பெரிதாக வளர்ந்து ஒன்றோடொன்று கோத்துக்கொள்கின்றன. கடை ஐஸ்கிரீமை உறைய வைக்கும்போதே கடைவதால் படிகங்கள் சிறிதாகவே நின்றுவிடுகின்றன, காற்றும் உள்ளே புகுகிறது. அதில் உள்ள கொழுப்பு படிகங்களுக்கிடையே தடுப்பாக நிற்கிறது. சர்க்கரை உறைநிலையைத் தாழ்த்தி, ஒரு பகுதி நீரை உறையவிடாமல் வைத்திருக்கிறது. எங்கள் டப்பாவில் கடைதலும் இல்லை, கொழுப்பும் இல்லை, போதிய சர்க்கரையும் இல்லை. அரைத்து உறைய வைத்ததே தவறு. உறைய வைத்து அரைக்க வேண்டும். அப்போது மிக்ஸியின் அலகே படிகங்களை உடைத்துவிடுகிறது.

இரண்டாம் முறை அப்படிச் செய்தோம். பதம் வந்தது, ருசி வரவில்லை. தொண்டையைக் கட்டியது. மகள் ஒரு வாய் வைத்துவிட்டு முகத்தைச் சுளித்தாள். நாங்கள் மூவரும் சமையலறையில் நின்று கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தபோது அப்பா வாசற்படிவரை வந்தார். அவர் சமையலறைப் பக்கம் வந்து மாதங்கள் ஆகியிருந்தன.

"உப்புப் போட்டீங்களா?" என்றார்.

இல்லை என்றோம்.

"உப்பில்லாம நாகப்பழத்த எவன் தின்பான்? ஊர்ல மரத்தடிக்குப் போறப்பவே டவுசர் பையில உப்புக்கல்லு எடுத்துட்டுத்தான் போவோம்."

அவர் நாகப்பழம் என்றுதான் சொல்வார். நாங்கள் அந்தச் சொல்லையே மறந்திருந்தோம். ஒரு சிட்டிகை உப்பு சேர்த்து மறுபடி ஒரு சுற்று சுற்றினோம். துவர்ப்பு பின்வாங்கிப் பழத்தின் மணம் முன்னால் வந்தது. அவரே ஒரு கரண்டியை எடுத்து ஓரத்தில் கிள்ளி வாயில் வைத்தார். நாங்கள் அனிச்சையாக எச்சரிக்கப் போனோம். எங்களில் ஒருவர் மற்றவரின் கையை அழுத்தியதால் அந்த வாக்கியம் வெளிவரவில்லை. அவர் நின்றபடியே தன் ஊரில் கண்மாய்க்கரையில் நின்ற இரண்டு மரங்களைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார். ஒன்று சிறுபழம், கொட்டை பெரிது, ஆனால் இனிப்பு. மற்றொன்று பெரும்பழம், பார்வைக்குத்தான். எதில் ஏறி விழுந்தார் என்பதையும் சொன்னார். ஒன்றரை ஆண்டில் அவர் எங்களிடம் அவ்வளவு நீளமாகப் பேசியதில்லை.

மறுநாள் டப்பாவில் மீந்திருந்த உறைந்த பழங்களை மகள் வெளியே எடுத்தாள். மூடியைத் திறந்ததும் ஆவிபோல வெண்புகை எழுந்தது. குளிரில் காற்றின் ஈரம் நுண்துளிகளாகத் திரண்டு தோன்றும் மூட்டம்தான். அவள் ஒரு பழத்தைக் கையில் எடுத்து, புகைவதைப் பார்த்து, பழக்கத்தில் வாயால் ஊதினாள். பக்கத்தில் இருந்த தாத்தா சிரித்துவிட்டார். "பாப்பா, பழம் சுடுதா?" மரத்தின் மேலிருந்த மாட்டுக்காரச் சிறுவனும் மண் ஊதித் தின்ற ஔவையும் அன்று எங்கள் சமையலறைக்கு வந்து போனார்கள். அந்தக் கதையை ஆயிரம் முறை கேட்டவர்கள் நாங்கள். உறைந்த பழத்தையும் ஊதித் தின்ன வேண்டியிருக்கும் என்பது அதில் இல்லாத புதுச் செய்தி.

செய்முறை இதுதான். நன்கு கறுத்துப் பழுத்த நாவல் அரைக்கிலோ. உப்பு நீரில் அலசி, மீண்டும் நல்ல நீரில் கழுவித் துடைத்துக்கொள்ள வேண்டும். உறைபனி கிருமிகளைக் கொல்வதில்லை, தூங்க வைக்கிறது, அவ்வளவே. ஆகவே கழுவுவதில் சோம்பல் கூடாது. கத்தியால் கீறிக் கொட்டையை நீக்கினால் சுமார் 300 கிராம் சதை கிடைக்கும். சிறுபழமென்றால் இன்னும் குறையும். நகக்கண் இரண்டு நாளைக்கு ஊதாவாகவே இருக்கும், அதற்கு மாற்றில்லை. சதையைத் தட்டில் ஒட்டாமல் பரப்பி நான்கு மணி நேரம் ஃப்ரீசரில் வைக்க வேண்டும். உறைந்தபின் டப்பாவுக்கு மாற்றிக்கொள்ளலாம். மொத்தமாகப் போட்டு உறையவைத்தால் கட்டியாகிவிடும். ஒரு மலைவாழைப்பழத்தை வட்டமாக அரிந்து அதேபோல் உறைய வைக்க வேண்டும். மதுரையில் இருப்பதன் அதிர்ஷ்டம், சிறுமலைப் பழம் கிடைக்கிறது. நீர்ச்சத்து குறைந்த அதன் இறுகிய சதை, பாலாடை சேர்த்ததுபோன்ற பதத்தைக் கொடுக்கிறது. கெட்டித் தயிரை வெள்ளைத் துணியில் கட்டி இரண்டு மணி நேரம் தொங்கவிட்டால் நான்கு மேசைக்கரண்டி வரும்.

பரிமாறுவதற்குப் பத்து நிமிடம் முன்பு மூன்றையும் மிக்ஸியின் சிறிய ஜாரில் போட்டு, ஒரு சிட்டிகை உப்பும் விருப்பமிருந்தால் சிறிது சுக்குப் பொடியும் சேர்க்கலாம். மிக்ஸியைத் தொடர்ந்து ஓட்டக் கூடாது, சூட்டில் உருகிவிடும். விட்டு விட்டு ஓட்டி, இடையிடையே கரண்டியால் தள்ளிவிட வேண்டும். முதலில் மணல்போல ஆகும். பயந்துபோய்த் தண்ணீர் ஊற்றிவிடக் கூடாது. பிறகு வறுத்த ரவைபோல, பிறகு திடீரென்று ஒரு நொடியில் எல்லாம் சேர்ந்து பிசைந்த களிமண்போலத் திரண்டுவரும். அங்கே நிறுத்திவிட வேண்டும். உடனே உண்ண வேண்டும். மீதத்தை மறுபடி உறைய வைத்தால் செங்கல்தான்.

நான்கு பேருக்கு நான்கு சிறு கிண்ணங்கள். எங்கள் கணக்குப்படி ஒரு கிண்ணத்தில் ஏறக்குறைய 15 கிராம் மாவுப்பொருள் இருக்கும். சர்க்கரை நோயாளிக்கு அதுவும் உணவுக் கணக்கில் சேர வேண்டியதே. அப்பா அன்றிரவு ஒரு தோசையைக் குறைத்துக்கொள்வார். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் வாழைப்பழம் சேர்ப்பதற்குமுன் மருத்துவரைக் கேட்டுக்கொள்வது நல்லது. இன்னொன்றும் கற்றுக்கொண்டோம். குளிர்ச்சி நாக்கின் இனிப்புணர்வை மழுக்குகிறது. உருகிய ஐஸ்கிரீம் திகட்டுவதற்கும், அது உறைந்திருக்கையில் திகட்டாததற்கும் அதுவே காரணம். கடைகளில் அவ்வளவு சர்க்கரை சேர்ப்பதும் அதனால்தான். ஆகவே எங்கள் கிண்ணம் வாயில் வைத்ததும் இனிக்காது. சற்று நேரம் நாக்கில் வைத்திருந்து உருகவிட வேண்டும். இனிப்பு கடைசியில்தான் வரும்.

அப்பாவின் அந்தக் கேள்வி வெகுநாள் கழித்துத்தான் எங்களுக்கு விளங்கியது. ஏதோ தேடலில் புறநானூற்றைப் புரட்டியபோது தொண்ணூற்றொன்றாம் பாட்டு கண்ணில் பட்டது. ஔவைக்கு அதியமான் நெல்லிக்கனி கொடுத்த பாட்டு. பள்ளியில் படித்தபோது, நீண்ட ஆயுள் தரும் அரிய கனியைத் தான் உண்ணாமல் கொடுத்த வள்ளன்மையே அதன் பொருள் என்று எழுதி மதிப்பெண் வாங்கியிருக்கிறோம். இப்போது வேறொன்று கண்ணை நிறுத்தியது. அந்தக் கனியின் பயனை அவன் சொல்லாமல் தனக்குள் அடக்கிக்கொண்டு கொடுத்தான் என்பதை ஔவை தனியாக எடுத்துச் சொல்கிறாள். உண்டால் சாவு அணுகாது என்று சொல்லிக் கொடுத்திருந்தால் அவள் வாங்கியிருக்க மாட்டாள், அல்லது கடன்பட்டவளாக வாங்கியிருப்பாள். அவளுக்குக் கிடைத்தது ஒரு பழம். அதைப் பழமாகவே தின்றாள். பயனைப் பின்னால் அறிந்துகொண்டாள்.

நாங்கள் நேர்மாறாகச் செய்திருக்கிறோம். ஒவ்வொரு கனியோடும் அதன் பயனை முன்னால் அனுப்பினோம். அக்கறை என்று நாங்கள் நினைத்தது அவர் காதில், நீ நோயாளி என்ற ஒரே வாக்கியமாக நாளுக்குப் பத்து முறை விழுந்திருக்கிறது. அந்த ஊதா நிறக் கிண்ணத்தை எந்த மருத்துவரும் பரிந்துரைக்கவில்லை. அது ஒரு குழந்தையின் பிடிவாதத்திலிருந்து பிறந்தது. அதில் ஒரு குறை இருந்தது, அந்தக் குறையைத் தீர்க்கும் அறிவு அவரிடம் இருந்தது. அதனால்தான் அவர் வாசற்படியைத் தாண்டி உள்ளே வந்தார் என்று நம்புகிறோம்.

இதனால் சர்க்கரை இறங்கியதா என்று நண்பர்கள் கேட்கிறார்கள். இந்த இனிப்பினால் இறங்கவில்லை. மாத்திரை தொடர்கிறது, காலைநடை தொடர்கிறது, ஒவ்வோர் இரவும் பாதங்களைக் கண்ணாடி வைத்துப் பார்ப்பதும் தொடர்கிறது. கொட்டைப் பொடியை நிறுத்திவிட்டோம். சட்டைப்பைகளைத் துழாவுவதையும் நிறுத்திவிட்டோம். ஜிகர்தண்டாவுக்குப் போகிறாரா என்று எங்களுக்குத் தெரியாது. தீபாவளிக்கு முந்தைய வாரம் ஒருமுறை போனதாக அவரே சொன்னார். பேத்தியையும் கூட்டிக்கொண்டு போயிருந்தாராம். அவள் எங்களிடம் சொல்லவில்லை.

அழகர்மலையில் பழமுதிர்சோலைக் கோயிலருகே ஒரு நாவல்மரம் உண்டு. ஔவைக்குப் பழம் உதிர்த்த மரத்தின் நினைவாக அதைக் காட்டுவார்கள். மற்ற நாவல்கள் ஆடியிலும் ஆவணியிலும் பழுத்து ஓய, இது ஐப்பசியில் கந்த சஷ்டியை ஒட்டிப் பழுக்கும் என்பார்கள். எங்கள் வீட்டு ஃப்ரீசரிலும் ஐப்பசியில் நாவல் இருக்கிறது. பருவத்தில் மாட்டுத்தாவணி பழச்சந்தையில் வாங்கி, கொட்டை நீக்கி, டப்பாக்களில் நிரப்பி வைக்கிறோம். அப்பா மேசையில் உட்கார்ந்து கொட்டை எடுப்பார். கிண்ணங்களில் பங்கிடுவதும் இப்போது அவர்தான். நான்கு கிண்ணங்களையும் வரிசையாக வைத்து, கரண்டியால் கிள்ளிக் கிள்ளிச் சமப்படுத்துவார். எல்லாம் முடிந்தபின் தன் கிண்ணத்திலிருந்து ஒரு கரண்டி எடுத்துப் பேத்தியின் கிண்ணத்தில் வைப்பார். காரணம் கேட்டால் சொல்வதில்லை.